வட்டியை விட்டுவிடாதே

அன்புள்ள குமரனுக்கு,

பஸ் விபத்துக்குக் கோர்ட் தரச் சொன்ன நஷ்டஈடு இன்னும் வரவில்லை என்று முதலமைச்சர் தனிப்பிரிவுக்கு இன்னொரு மனு போடப்போவதாக போனில் சொன்னாய். வேண்டாம். அது எங்கெங்கோ சுற்றி அதே அரசு பஸ் கழகத்தின் மேஜைக்குத்தான் போகும், ‘பரிசீலனையில் உள்ளது’ என்று ஒரு வரி பதில் வரும். தீர்ப்பு கையில் இருக்கும்போது நீ ஏன் கெஞ்ச வேண்டும்? இ.பி., அதாவது தீர்ப்பை நிறைவேற்றச் சொல்லும் மனு போடு.

மோட்டார் வாகனச் சட்டம் 168ஆம் பிரிவுப்படி தீர்ப்பு சொன்ன 30 நாளுக்குள் பணம் கட்டியாக வேண்டும். கட்டவில்லையே என்று கோர்ட் தானாகக் கேட்காது, நாம்தான் கேட்க வைக்க வேண்டும். தீர்ப்பு சொன்ன அதே தீர்ப்பாயத்தில் அசல், வட்டி, செலவு எல்லாம் கணக்குப் போட்டு நிறைவேற்று மனு தாக்கல் செய்யணும். நோட்டீஸ் போகும், அவர்கள் வக்கீல் வாய்தா வாங்குவார். அப்புறமும் கட்டாவிட்டால் ஜப்திதான்.

அரசு பஸ்ஸுக்கு இன்சூரன்ஸ் எடுக்காமல் இருக்க அரசு விலக்கு தரலாம் என்று சட்டத்திலேயே இருக்கிறது. கழகம்தான் தன் பணத்தில் கட்ட வேண்டும். அதனால்தான் பஸ்ஸையே பிடிக்கிறார்கள். கோர்ட் வேலையில் இருந்தபோது எத்தனையோ பார்த்திருக்கிறேன். ஜப்தி செய்யும் கோர்ட் ஊழியரான அமீனா வாரண்டோடு பஸ் ஸ்டாண்டுக்குப் போய், ஜனங்களை வேறு வண்டியில் ஏற்றிவிட்டு, பஸ்ஸைக் கோர்ட் வாசலில் கொண்டுவந்து நிறுத்துவார். டிக்கெட் எடுத்தவர்கள் என்ன பாவம் செய்தார்கள்? எனக்கு அது பிடித்ததே இல்லை. ஆனால் வேறு எதற்கும் அசையாத ஃபைல் அதற்கு அசையும்.

174ஆம் பிரிவில் கலெக்டருக்குச் சான்று அனுப்பி, நிலவரி பாக்கி போல வசூலிக்கவும் வழி இருக்கிறது. அங்கே அது ஆயிரத்தில் ஒரு தாளாகிவிடும். என்னைக் கேட்டால் ஜப்தியே மேல்.

‘அப்பீல் போட்டிருக்கிறோம்’ என்று சொன்னால் பயப்படாதே. அப்பீல் போட்டதாலேயே தடை ஆகிவிடாது. தடை உத்தரவைக் காட்டச் சொல். ஒரு பகுதியைக் கட்டினால்தான் தடை என்று ஹைகோர்ட் சொல்லியிருந்தால், அப்படிக் கட்டியதில் கொஞ்சம் எடுத்துக்கொள்ள அனுமதி கேட்கலாம்.

வட்டியை விட்டுக்கொடுத்தால் உடனே செக் என்று ஆள் விடுவார்கள். 8 லட்சத்துக்கு 7.5 சதவீதம் என்றால் வருஷம் 60,000 ரூபாய். அதை எதற்கு விடணும்? பாதிப் பணம் தந்தால் வாங்கிக்கொள். தீர்ப்பில் வேறு மாதிரி சொல்லாதவரை அது முதலில் வட்டிக்கும் செலவுக்கும் போய், மிச்சம்தான் அசலில் கழியும். ‘முழுத் தொகையும் பெற்றேன்’ என்ற தாளில் மட்டும் கையெழுத்துப் போட்டுவிடாதே.

இ.பி. போட 12 வருஷம் அவகாசம் இருக்கிறது. அதற்காக ஆறப்போடாதே. இ.பி.யை ஆறு மாதத்தில் முடிக்கணும் என்று 2021இல் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. நடப்பது வேறு, இருந்தாலும் நம் வக்கீல் ஒவ்வொரு வாய்தாவிலும் அதைச் சொல்லட்டும்.

தீர்ப்பு நகலுக்கு நான் மனுப் போட்டுவிட்டேன். வக்காலத்தில் கையெழுத்துப் போட்டு கூரியரில் அனுப்பு. பாஸ்புக் முதல் பக்கம், ஆதார், பான் ஜெராக்ஸும் வை. காலில் பிளேட் எடுக்க டாக்டர் எந்தத் தேதி சொன்னார்? அதற்குத் தகுந்தபடி டிக்கெட் போடணும்.

அம்மா