ரேங்க்ட் மேட்ச் பாதியில காணாம போற டீம்மேட்டுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள அஞ்சாவது ஆளுக்கு,

உங்க பேரு எனக்கு தெரியாது. கவுண்டர் ஸ்ட்ரைக், வேலரண்ட் மாதிரி அஞ்சுக்கு அஞ்சு பேர் ஆன்லைன்ல சுட்டு ஆடுற கேம்ல, ரேங்க் ஏறி இறங்குற ஒரு ரேங்க்ட் மேட்ச்ல இருபது நிமிஷம் ஒண்ணா ஆடிருப்போம், அவ்ளோதான். ஆனா ஸ்கோர்போர்டுல உங்க பேரு திடீர்னு மங்கிப் போறத மட்டும் இத்தன வருஷத்துல எத்தனையோ தடவ பாத்துட்டேன். ஒவ்வொரு தடவையும் மிச்சம் இருக்குற நாலு பேரும் கொஞ்ச நேரம் எதுவும் பேசாம இருப்போம் பாருங்க, அந்த அமைதிதான் இந்த மடல எழுத வெக்குது.

முதல்லயே சொல்லிடுறேன், கேம விட்டு போறது பாவம்னு சொல்ல வரல. குழந்த அழும், போன் வரும், உடம்பு முடியாம போகும். ரேங்க் இது எல்லாத்துக்கும் கீழதான். எனக்கு இருக்குற ஒரே ஆதங்கம், ஏன் சொல்லாம போறீங்க?

போன மாசம் ஒரு மேட்ச். 9-11ல பின்னாடி இருந்தோம். எங்க டீம்ல எதிராளி கண்ண மறைக்குற ஸ்மோக் போட்டுட்டு இருந்தவங்க மைக்ல ஒரு வார்த்த பேசல, ஆனா ஸ்மோக் எல்லாம் சொன்ன நேரத்துக்கு சொன்ன எடத்துல விழுந்துட்டு இருந்துச்சு. ரவுண்டுக்கு முன்னாடி கேம் காசுல கன் வாங்குற நேரம், சாட்ல டைப் பண்றாங்க, "அப்பாவுக்கு முடியல, கிளம்புறேன், சாரி, கன் எடுத்துக்கோங்க". அத படிச்சு முடிக்கறதுக்குள்ள என் கால் பக்கத்துல ஒரு ரைஃபிள் வந்து விழுது. கைல இருந்த காசுல வாங்கி, எனக்கு போட்டுட்டு, அதுக்கப்புறம்தான் வெளிய போனாங்க. அந்த ரவுண்டு என்கிட்ட பிஸ்டலுக்குத்தான் காசு இருந்துச்சு. அவங்க கன்ன வெச்சு ரெண்டு பேர எடுத்தேன், ரவுண்டும் ஜெயிச்சோம். மேட்ச் 10-13ல போயிடுச்சு, அது வேற. ஆனா ஒருத்தர் கூட அவங்கள தப்பா பேசல. எங்கள்ல ஒருத்தர் "அப்பாவுக்கு சீக்கிரம் சரியாயிடும்"னு சாட்ல போட்டாரு, அவங்க படிக்க போறதில்லன்னு தெரிஞ்சே போட்டாரு.

அதே ராத்திரி இன்னொரு மேட்ச், 2-5. டீம்ல ஒருத்தர் முதல் ஆளா செத்தாரு, ஒரு கெட்ட வார்த்த டைப் பண்ணாரு, காணோம். அடுத்த ரவுண்டு, எதிராளி காக்குற எடத்துல நாங்க கொண்டு போய் வெக்க வேண்டிய பாம் அவர் முதுகுல. ஆள் சுவத்த பாத்துட்டு, ரவுண்டு ஆரம்பிக்குற எடமான ஸ்பான்லயே நிக்குறாரு, நாங்க நாலு பேரும் அவர சுத்தி நின்னு பாம கீழ போடுங்க, பாம கீழ போடுங்கன்னு மைக்ல கெஞ்சுறோம், ரவுண்டு டைம் 1:55ல இருந்து கொறஞ்சிட்டே வருது. அவர் ஒயர புடுங்கிட்டு போய் படுத்துட்டாரோ என்னமோ. பாம் இல்லாம அட்டாக் பண்ண போய், ஒவ்வொருத்தரா செத்தோம்.

இந்த ரெண்டு பேரும் பாதியிலதான் போனாங்க. ரெண்டும் ஒண்ணா?

நீங்க போனா என்ன ஆகும்னு சிலருக்கு நெஜமாவே தெரியறதில்லன்னு நெனக்கிறேன், ஏன்னா போனவங்க அத பாக்க இருக்குறதில்லயே. பாம் வெக்குற ஷூட்டர்ல காவல் காக்குற பக்கம் பொதுவா பாம் வெக்குற ரெண்டு சைட்ல ஏ-வுல ரெண்டு பேரு, பி-ல ரெண்டு பேரு, நடுவுல ஒருத்தர்னு நிப்பாங்க. நாலு பேரான உடனே நடு எடம் காலி, எதிராளி அங்க நின்னு ரெண்டு சைட்டையும் பிரிச்சிடுவான். உங்க ஸ்மோக் இல்ல, கண்ண கூச வெக்குற ஃப்ளாஷ் இல்ல. உங்க காசும் உங்களோடவே போயிடுது, அதத்தான் யாரும் யோசிக்கறதில்ல. கவுண்டர் ஸ்ட்ரைக்ல ஒரு ஏகே-47 2,700, வேலரண்ட்ல ஒரு வேண்டல் 2,900. நல்லா ஆடி 5,000, 6,000 சேத்து வெச்சிருக்குற ஆள் போனா, காசில்லாத ரவுண்டுல ரெண்டு பேருக்கு கன் வாங்கி குடுத்திருக்க வேண்டிய பணம் அப்படியே காத்துல போகுது. அதனாலதான் அந்த ஸ்மோக் போட்டவங்க பண்ணது எனக்கு இன்னும் மறக்கல. ரெண்டு கேம்லயும் கன்ன கீழ போடுறது டீஃபால்ட்டா ஜி பட்டன்தான், ஒரு செகண்டு கூட ஆகாது.

வெளிய போற விதத்துலயும் வித்தியாசம் இருக்கு. மெனுவுக்கு போய் லீவ் குடுத்தா உங்க கேம் சர்வர்கிட்ட "இவர் கிளம்பிட்டாரு"ன்னு சொல்லிடும், உடனே டீமுக்கு தெரிஞ்சிடும், பாம் இருந்தா கீழ விழுந்திடும். ஒயர புடுங்கினாலோ வைஃபைய ஆஃப் பண்ணாலோ அந்த தகவல் போகவே போகாது. செகண்டுக்கு 64 தடவ, 128 தடவ கணக்கு போடுற சர்வருக்கு உங்ககிட்ட இருந்து ஒண்ணுமே வரலன்னு மட்டும்தான் தெரியும், நெட் தடுமாறுதா ஆளே போயிட்டாரான்னு தெரியாது, அதனால கொஞ்ச நேரம் காத்திருக்கும். அந்த கொஞ்ச நேரம் உங்க உருவம் உயிரோட சுவத்த பாத்து நிக்கும். கேம ஒரேயடியா மூடுற ஆல்ட் எஃப்4 அடிக்கிறது இது ரெண்டுக்கும் நடுவுல, கேமுக்கு கேம் மாறும், செட்டிங்ஸ் சில சமயம் சேவ் ஆகாமலும் போகும். போறதுதான் முடிவுன்னா தயவுசெஞ்சு மெனு வழியா போங்க.

ஆனா பாதிக்கு மேல பிரச்சன மேட்ச்லயே இல்ல, மேட்ச் தேடுற க்யூ பட்டன்ல இருக்கு. அரை மணி நேரத்துல வெளிய கிளம்பணும்னு தெரியும், "ஒரே ஒரு கேம்"னு அழுத்துறோம். நானும் அழுத்திருக்கேன். 13 ரவுண்டு ஜெயிக்கணும், 12-12 ஆச்சுன்னா ஓவர்டைம், ஒரு மேட்ச் 40 நிமிஷத்த தாண்டுறது சர்வ சாதாரணம், இழுத்தா ஒரு மணி நேரத்த தொடும். ஒரு மணி நேரம் முழுசா கைல இல்லன்னா ரேங்க்ட் தொடாதீங்க. ஆசைய அடக்க முடியலயா, வேலரண்ட்ல ஸ்விஃப்ட்ப்ளே இருக்கு, 5 ரவுண்டு ஜெயிச்சா முடிஞ்சது. கவுண்டர் ஸ்ட்ரைக்ல டெத்மேட்ச் இருக்கு, எப்ப வேணா உள்ள போகலாம் எப்ப வேணா வெளிய வரலாம், ஒருத்தருக்கும் நஷ்டம் இல்ல. க்யூ போட்ட பிறகு மனசு மாறினா கேன்சல் பண்ணிடுங்க. வேலரண்ட்ல கேரக்டர் தேர்ந்தெடுக்குற ஏஜெண்ட் செலக்ட் வரைக்கும் வந்துட்டா கூட, அங்கயே வெளிய வர்றது நல்லதில்லதான், உங்களுக்கு சின்னதா தண்டன உண்டு, மத்த ஒம்போது பேரும் திரும்ப க்யூவுக்கு போவாங்க. ஆனாலும் முதல் ரவுண்டு ஆரம்பிச்ச பிறகு போறதுக்கு அது எவ்வளவோ மேல்.

தண்டனய பத்தி நெறைய எழுத வேண்டாம், எல்லாம் உங்களுக்கே தெரியும். கவுண்டர் ஸ்ட்ரைக்ல ஆட தட, முதல்ல 30 நிமிஷம், அப்புறம் 2 மணி நேரம், 24 மணி நேரம், 7 நாள்னு ஏறும். வேலரண்ட்ல ஆரம்பத்துலயே ஒருத்தர் போயிட்டா ரெண்டாவது ரவுண்டு தொடக்கத்துல மேட்ச ரத்து பண்ற ரீமேக் கேக்கலாம், மத்தவங்களுக்கு மேட்ச் இல்லாத மாதிரி ஆயிடும். ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ் ரேங்க்ட்ல செத்த உடனே கிளம்பக் கூடாது, உங்கள திரும்ப உயிரோட கொண்டு வர்றதுக்கான பேனர டீம்மேட் எடுக்க 90 செகண்டு இருக்கு, அது முடியறதுக்குள்ள போனா கைவிட்டதா கணக்கு. இந்த பேனர் விஷயம் புதுசா வர்றவங்க நெறைய பேருக்கு தெரியாம மாட்டிக்கிறாங்க. தெரிஞ்சவங்க சொல்லிக் குடுங்க.

கோவத்துல போறவங்களுக்கு தனியா ஒரு வார்த்த. செஸ்ல தோத்துட்டோம்னு தெரிஞ்சா ரிசைன் பண்ணலாம், கை குடுத்துட்டு எழுந்திரிக்கலாம், யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க, ஏன்னா அந்த போர்டுல தோக்குறது ஆடுற ஒருத்தர் மட்டும்தான். இங்க உங்க தோல்விய நாலு பேரோட பங்கு போட்டிருக்கீங்க. வேலரண்ட்ல தோல்விய ஒத்துக்குற சரண்டர் வோட் இருக்கே, போடுங்க. டீம் ஒத்துக்கிட்டா மரியாதயா முடியும். ஒத்துக்கலன்னா அவங்க இன்னும் ஆட ஆசப்படுறாங்கன்னு அர்த்தம், கூட நில்லுங்க. மைக்க மூடுங்க, சாட்ட மூடுங்க, மொத்த டீமையும் ம்யூட் போட்டுட்டு ஒரு சைட்ல சும்மா காவல் நின்னா கூட போதும். 3-9ல இருந்து திரும்பி வந்த மேட்ச் எல்லாம் நான் ஆடிருக்கேன், அஞ்சாவது ஆள் நின்னதால வந்தது.

ஆனா ஒண்ணு. டீம்ல ஒருத்தன் அசிங்கமா பேசுறான், பொண்ணுன்னு தெரிஞ்ச உடனே கண்டபடி ஆரம்பிக்கிறான், ம்யூட் போட்டாலும் சாட்ல துரத்துறான், முதுகுக்கு பின்னாடி நின்னு சுடுறான்னா, ரிப்போர்ட் போட்டுட்டு போங்க. கன்ன கீழ போட வேண்டாம், சாரி சொல்ல வேண்டாம், ஒண்ணும் பண்ண வேண்டாம். அந்த மேட்ச்ல நான் இருந்து என் பாயிண்ட் போனாலும் போகட்டும், உங்க மேல எனக்கு ஒரு வருத்தமும் இருக்காது. அவன தடுக்காம சும்மா கேட்டுட்டு இருந்த எங்க மேலதான் வருத்தம்.

நெட் போறது வேற கத. அது யார் கையிலயும் இல்ல. ஆனா நெட் போன உடனே "சரி, எப்படியும் தோத்திருப்பாங்க"ன்னு கம்ப்யூட்டர மூடிடாதீங்க. கேம திரும்ப திறங்க, ரீகனெக்ட் பட்டன் வந்து நிக்கும். போன்ல ஹாட்ஸ்பாட் போட்டாவது உள்ள வாங்க, பிங், அதான் நெட் தாமதம், எகிறினாலும் பரவால்ல. ரெண்டு ரவுண்டு கழிச்சு உங்க பேரு ஸ்கோர்போர்டுல மறுபடி வெளிச்சமாகுறப்போ மைக்ல நாலு பேரும் ஒரே நேரத்துல கத்துவோம் பாருங்க, அத கேக்கவாச்சும் வாங்க.

மேட்ச் முடிஞ்ச பிறகு போறதுக்கு பெருசா முறை ஒண்ணும் இல்ல. ஜெயிச்சோமா தோத்தோமான்னு அந்த கடைசி ஸ்க்ரீன் வர்ற வரைக்கும் இருங்க, "குட் கேம்"னு ஒரு ஜிஜி போடுங்க. தெரிஞ்சவங்களோட சேந்து பார்ட்டில ஆடுனீங்கன்னா "நான் கிளம்புறேன்"னு சொல்லிட்டு முதல்ல பார்ட்டிய விட்டு வெளிய வாங்க, இல்லன்னா லீடர் தெரியாம அடுத்த க்யூ போட்டு, ஆள் இல்லாத உங்க பேரோட மேட்ச் ஆரம்பிச்சிடும்.

டைப் பண்ண நேரம் இல்லன்னு சொல்றவங்களுக்காக இத சொல்றேன். கவுண்டர் ஸ்ட்ரைக்ல டீம் சாட்டுக்கு ஒரு வரிய ஒரு பட்டன்ல பைண்ட் பண்ணி வெச்சிக்கலாம், கேமுக்குள்ள கமாண்ட் டைப் பண்ற கன்சோல்ல ஒரே கமாண்ட். நான் கீபோர்டுல பெருசா தேவப்படாத ஒரு பட்டன்ல வெச்சிருக்கேன், "அவசரம், கிளம்புறேன், கன் கீழ இருக்கு, சாரி". வெச்சு ஒரு வருஷம் ஆச்சு. ரெண்டு தடவ அழுத்திருக்கேன்.

இப்படிக்கு,
உங்களோட ஆடுன மிச்ச நாலு பேர்ல ஒருத்தன்