வோல்ஹைம் கட்டுரைக்குத் துணைநின்றோருக்கு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். அமெரிக்க அறிவியல் புனைகதையின் தொடக்ககால எழுத்தாளரும், அதன் வாசகர்களை இயக்கமாகத் திரட்டிய முன்னோடிகளுள் ஒருவருமான டொனால்ட் வோல்ஹைமின் (1914–1990) வாழ்க்கை குறித்து நான் எழுதிய நீள்கட்டுரை நிறைவுற்றது. அதற்குக் கைகொடுத்தவர்கள் பலர்.

1930களில் வாசகர்கள் தாமே அச்சிட்டுப் பகிர்ந்த ரசிகர் இதழ்களைத் தேடித் தந்த நூலகருக்கு முதல் நன்றி. 1934 ஜனவரியில் ‘வொண்டர் ஸ்டோரீஸ்’ இதழில் வெளியான தம் முதல் கதைக்குச் சன்மானம் வராதபோது, பத்தொன்பது வயதே ஆன வோல்ஹைம், தம்மைப் போலவே பணம் கிடைக்காத எழுத்தாளர்களைக் கண்டறிந்து, அவர்களோடு சேர்ந்து வெளியீட்டாளர் ஹியூகோ கெர்ன்ஸ்பேக்கிடம் உரிமை கேட்டு, 75 டாலருக்குச் சமரசம் கண்டார். அதன் பின்னரும் அதே இதழுக்குப் புனைபெயரில் இன்னொரு கதையை அனுப்பி, அதற்கும் பணம் பெறாமல் போனார் என்பதை என்னவென்று சொல்வது!

பள்ளி அலுவலகத்தில் நெடுங்காலம் சைக்ளோஸ்டைல் எந்திரத்தை இயக்கிய பெரியவருக்கு நான் பெரிதும் கடன்பட்டுள்ளேன். மெழுகுத்தாளில் ரிப்பனின்றித் தட்டச்சு செய்வதையும், உருளையைச் சுற்றச் சுற்ற அந்த எழுத்துத் துளைகளின் வழியே மை கசிந்து தாளில் பதிவதையும் அவர் விளக்கியிராவிட்டால், 1937இல் வோல்ஹைம் தொடங்கிய ‘ஃபேன்டஸி அமெச்சூர் பிரஸ் அசோசியேஷன்’ எப்படி நடந்தது என்பது எனக்கு விளங்கியிருக்காது. உறுப்பினர் ஒவ்வொருவரும் தம் இதழைத் தாமே அச்சிட்டுப் படிகளை ஒருவரிடம் அனுப்ப, அவர் அவற்றைக் கட்டுகளாக்கி எல்லோருக்கும் அஞ்சலில் சேர்ப்பித்த ஏற்பாடு அது.

புகழுரையாக எழுதிவிடக் கூடாது என்று கண்டிப்புடன் சொன்ன வழக்கறிஞர் நண்பருக்கும் நன்றி. ஏஸ் பதிப்பகத்தின் ஆசிரியராக இருந்த வோல்ஹைம், 1965இல் காப்புரிமைச் சட்டத்தின் ஓட்டையைப் பயன்படுத்தி, ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ புதினத்தை அனுமதி பெறாமல் மலிவுப் பதிப்பாக வெளியிட்டார். வாசகர்களின் எதிர்ப்புக்குப் பிறகே அப்பதிப்பகம் டோல்கீனுக்குப் பணம் தர இசைந்தது. சன்மானத்துக்காக மல்லுக்கு நின்ற இளைஞரா இதைச் செய்தார் என்ற கேள்வியைக் கட்டுரையின் நடுவில் வைக்கச் சொன்னவர் அந்த நண்பரே. 1971இல் மனைவி எல்ஸியுடன் வோல்ஹைம் தொடங்கிய டா புக்ஸ் பதிப்பகம் பற்றிய பகுதியைச் சுருக்கியதும் நண்பரின் யோசனைதான். அதில் எனக்கு இன்னும் முழு உடன்பாடில்லை.

மெய்ப்புப் பார்த்த இருவருக்கும் என் நன்றி உரியது. அச்சுப்படி வந்ததும் அனைவருக்கும் அனுப்பிவைக்கிறேன்.

இப்படிக்கு,
கட்டுரையாளர்