காதம் 29

கண்ணு,

நேற்று வீடியோ காலில் பேசும்போது பக்கத்தில் இருந்த பெண்ணிடம் "எங்க ஊரா, பெங்களூருக்கும் சேலத்துக்கும் நடுவுல பஸ் நின்னு போற ஊர், அவ்வளவுதான்" என்று நீ சொன்னது காதில் விழுந்தது. கோபமில்லை சாமி. ஆனால் ராத்திரி முழுக்க அதே நினைப்பு, அதான் எழுதுகிறேன்.

வழியில் இருக்கும் ஊர்தான், அதில் பொய்யில்லை. ஆனால் அந்த வழியின் வயசு தெரியுமா? நம் தர்மபுரிப் பக்கம் கிடைத்த 13ஆம் நூற்றாண்டு மைல்கல் ஒன்றில் அதியமான் பெருவழி, நாவற்தாவளத்துக்குக் காதம் 29 என்று வெட்டியிருக்கிறது. அதியமான், நம் ஊருக்குத் தகடூர் என்று பெயர் இருந்த சங்க காலத்தில் ஆண்டவன். காதம் என்றால் அந்தக் காலத்துத் தூர அளவு, தாவளம் என்றால் வியாபாரிகள் தங்கிப் போகிற இடம். எழுத்தோடு நிறுத்தாமல் குழிகளும் போட்டிருக்கிறார்கள், பெரிய குழி இரண்டு, சின்னக் குழி ஒன்பது. பெரியது பத்து, சின்னது ஒன்று. படிக்கத் தெரியாதவரும் இருட்டில் வருகிறவரும் விரலால் தடவியே தூரத்தை எண்ணிக்கொள்ளலாம்.

அதைப் பார்த்ததும் உன் தாத்தா ஞாபகம்தான் வந்தது. கைநாட்டு வைத்தவர், புளி மூட்டை ஏற்றிக்கொண்டு மாட்டுவண்டியில் சேலம் போய் வந்தவர். அவருக்காகவே செதுக்கிய கல் போல இருந்தது எனக்கு. தொப்பூர் கணவாய் இறக்கத்தில் மாட்டின் மூக்கணாங்கயிறைப் பிடித்துக்கொண்டு கூடவே நடப்பாராம். அதே இறக்கத்தில் நான் இருபத்திரண்டு வருஷம் லோடு லாரியை செகண்ட் கியரில் இறக்கினேன்.

இந்த வழியில் மூட்டை மட்டும் போகவில்லை. கரும்பை இங்கே கொண்டுவந்தது அதியமானின் முன்னோர் என்று புறநானூற்றில் ஔவையார் பாடுகிறார். அசோகன் கல்வெட்டில் சேர, சோழ, பாண்டியரோடு இன்னொரு பெயரும் இருக்கிறது, சதியபுத்திரர். அது யார் என்று ரொம்ப நாள் ஆளுக்கொன்றாகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். திருக்கோவிலூர் பக்கத்து ஜம்பையில் 1981-ல் கிடைத்த கல்வெட்டு 'ஸதியபுதோ அதியந் நெடுமாந் அஞ்சி' என்று நம் தகடூர்க்காரனையே காட்டிவிட்டது. அசோகனின் தலைநகர் பாடலிபுத்திரம் வரை தெரிந்த பெயர் கண்ணு!

பொங்கலுக்கு வரும்போது ராத்திரி பஸ் வேண்டாம், பகலில் வா. மறுநாள் அதியமான்கோட்டை வழியாகத் தொப்பூர் வரை போய்வரலாம். தாத்தா வண்டியை நிறுத்தி மாட்டுக்குத் தண்ணீர் காட்டும் இடம் எனக்குத் தெரியும், காட்டுகிறேன்.

அப்பா