ஜெயிலுக்குப் போனாலும் ஜீவனாம்ச பாக்கி தீராது, தம்பி

அன்புள்ள தம்பிக்கு,

நான் கூப்பிட்டால் நீ போனை எடுப்பதில்லை. அதனால் உன் பெயரைப் போடாமல் இங்கேயே எழுதுகிறேன். இதே யோசனையோடு குடும்ப நல நீதிமன்ற வாசலில் நிற்கிற வேறு யாராவது படித்தாலும் நல்லதுதான்.

உன் மனைவிக்கும் பாப்பாவுக்கும் கட்டச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிட்ட ஜீவனாம்சத்தை நீ நிறுத்தி வைத்திருக்கிறாய். "ஒரு மாசம் உள்ளே இருந்துட்டு வந்துடுறேன், கணக்கு முடிஞ்சிடும்" என்று அம்மாவிடம் சொன்னாயாம். முடியாது. உச்ச நீதிமன்றம் 1989-லேயே இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. பணத்தைக் கட்ட வைப்பதற்குத்தான் சிறை. உள்ளே இருந்துவிட்டு வந்தால் பணம் கட்டியதாக ஆகாது. நீ வெளியே வரும்போதும் பாக்கி அப்படியே நிற்கும். உன் மனைவி மறுபடி மனு போடலாம், சொத்தை ஜப்தி செய்யக் கேட்கலாம். ஜீவனாம்சத்துக்கான, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவு 2024 ஜூலையிலிருந்து புதுச் சட்டத்தில் 144 ஆகிவிட்டது. எண் மாறியதால் உன் பொறுப்பு எதுவும் குறைந்துவிடவில்லை.

ஒரு வருஷம் இழுத்தடித்தால் பழைய பாக்கி செத்துப்போகும் என்று உன் நண்பன் சொன்னதும் அரைகுறைதான். வாரண்ட் கேட்கிற மனுவை, பணம் கட்டவேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் போட வேண்டும் என்பது உண்மை. ஆனால் அவள் ஏற்கெனவே மனு போட்டுவிட்டாள். நம் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே, பாக்கியை ஓராண்டுக்கு மட்டும் என்று சுருக்கிய சென்னை உயர் நீதிமன்ற உத்தரவை உச்ச நீதிமன்றம் 2013-ல் ரத்து செய்தது. அந்தக் கெடு பாக்கி கேட்கும் உரிமையை அழிக்காது, சிவில் வழியிலும் வசூலிக்கலாம் என்றது.

வேலையை விட்டுவிடலாம் என்ற பேச்சும் என் காதுக்கு வந்தது. தயவுசெய்து செய்யாதே. உடம்பில் தெம்பு இருக்கிற கணவன் கூலி வேலை பார்த்தாவது மனைவி பிள்ளைகளைக் காப்பாற்ற வேண்டும் என்று 2022-ல் தீர்ப்பு வந்திருக்கிறது. வருமானத்தை மறைப்பதும் நடக்காது. ரஜ்னேஷ் – நேஹா வழக்கில் 2020 நவம்பரில் வந்த தீர்ப்புக்குப் பிறகு இரண்டு தரப்பும் சொத்து, வருமானம், கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்தாக வேண்டும். ஜீவனாம்சமும் மனு போட்ட தேதியிலிருந்தே கணக்காகும். வழக்கு எவ்வளவு நீள்கிறதோ, பாக்கியும் அவ்வளவு ஏறும்.

இதெல்லாம் சட்டம். உன் கோபம் வேறு இடத்தில் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். பாப்பாவைக் காட்டவில்லை, அப்புறம் நான் ஏன் பணம் தர வேண்டும் என்கிறாய். அந்த வலி நியாயமானது, தம்பி. அவள் செய்வது சரி என்று நான் ஒருநாளும் சொல்ல மாட்டேன். ஆனால் பிள்ளையைப் பார்க்கும் உரிமைக்குத் தனி மனு இருக்கிறது, அதை நீ இன்னும் போடவே இல்லை. நாளைக்கு அதைப் போட்டால் நீதிபதி முதலில் என்ன கேட்பார்? பிள்ளைக்குப் பணம் கட்டினாயா என்றுதான் கேட்பார். நீ நிறுத்தி வைத்திருப்பது அவளுடைய பணம் மட்டுமில்லை. உத்தரவில் பாப்பாவுக்கென்று தனியாக ஒரு தொகை இருக்கிறது. பள்ளிக் கட்டணத்துக்கு உன் மாமனார் நகையை அடகு வைத்தாராம். அதைக் கேட்டு எனக்கு ஒரு வாய் சோறு இறங்கவில்லை.

2024 டிசம்பரில் கோவையில் ஒருவர் ஜீவனாம்சமாகக் கட்ட வேண்டிய பணத்தில் 80,000 ரூபாயை ஒரு ரூபாய், இரண்டு ரூபாய் நாணயங்களாக மூட்டை கட்டிக்கொண்டு நீதிமன்றத்துக்குப் போனார். நீ அந்த வீடியோவை நம் குடும்பக் குழுவில் போட்டு, கைதட்டும் படமும் போட்டாய். அவரை நோட்டாக மாற்றிக் கொண்டுவரச் சொல்லி அனுப்பினார்கள், அவ்வளவுதான். அதில் கைதட்ட என்ன இருக்கிறது?

உண்மையிலேயே சம்பளம் குறைந்திருந்தால் தொகையைக் குறைக்கக் கேட்டு மனு போடு. சூழ்நிலை மாறினால் மாற்றித் தர சட்டத்தில் இடம் இருக்கிறது. அதுவரை முடிந்ததை வங்கி வழியாக அனுப்பு. யார் மூலமாகவும் கையில் கொடுக்காதே, பிறகு கொடுத்ததற்குச் சாட்சி இருக்காது. வாய்தா அன்று ஒரு பகுதியைக் கட்டிவிட்டு மீதிக்குத் தவணை கேட்கச் சொல்லி வக்கீலிடம் பேசு. முதல் தவணைக்குக் குறைவதை நான் தருகிறேன், கடனாக. சம்பளச் சீட்டையும் உத்தரவு நகலையும் எடுத்துக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வா. மாமாவும் இருப்பார், உட்கார்ந்து கணக்குப் போடுவோம்.

அன்புடன்,
அக்கா