செல்விக்கு, கடச்சனேந்தல் வீட்டுக் கடன் பற்றி

அன்புள்ள செல்விக்கு,

அம்மா எழுதுகிறேன். இங்கே எல்லோரும் நலம். மாப்பிள்ளையைக் கேட்டதாகச் சொல்லு. இதையெல்லாம் போனில் சொல்ல ஆரம்பித்தால் நீ "சரிம்மா, சரிம்மா" என்பாய், அப்புறம் மீட்டிங் வந்துவிடும். எண்கள் வேறு நிறைய இருக்கின்றன. காதால் கேட்ட எண் மனசில் நிற்காது, அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

கடச்சனேந்தல் வீட்டை உன் மாமாவோடு போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். நல்ல வீடு. கிழக்கு வாசல், பின்னால் துணி காயப்போட இடம், அழகர்கோவில் ரோட்டுக்குப் போய்விட்டால் பஸ். முக்கியமாக, படி ஏற வேண்டாம். பழங்காநத்தத்தில் இந்த மாடிப்படியை நான் முட்டியைப் பிடித்துக்கொண்டு ஏறுவதைப் பார்த்துவிட்டுத்தான் நீ இந்த யோசனைக்கே வந்தாய் என்று எனக்குத் தெரியாதா? எனக்கு எதுக்கு வீடு என்று நாடகம் போட மாட்டேன். எனக்கும் ஆசைதான். வீட்டில் எனக்குக் குறை இல்லை. நீ அனுப்பிய கடன் காகிதத்தில்தான் இருக்கிறது.

வீடு 50 லட்சம், கடன் 40 லட்சம், வட்டி 8.5 சதவீதம், 30 வருஷம். கீழே பெரிய எழுத்தில் மாதத் தவணை 30,757 ரூபாய். "புனேயில் நாங்க கொடுக்கிற வாடகையைவிடக் கொஞ்சம்தாம்மா கூட" என்றாய். தவணையைப் பெரிய எழுத்தில் போட்ட அந்தக் காகிதத்தில் மொத்தம் எவ்வளவு கட்டுவாய் என்று எங்கேயும் இல்லை. நான் பெருக்கிப் பார்த்தேன். 360 மாதத்துக்கு ஒரு கோடியே 10 லட்சத்து 72 ஆயிரம். இதில் வட்டி மட்டும் 70 லட்சத்துக்கு மேல். அதே கடனை 20 வருஷத்துக்குப் போட்டால் தவணை 34,713, மொத்தம் 83 லட்சத்து 31 ஆயிரம். மாதம் 3,956 ரூபாய் குறைவாகக் கட்டுவதற்காக 27 லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறாய்.

நம் ஊரில் வட்டியை எப்படிப் பேசுவோம் என்று உனக்கு ஞாபகம் இருக்கும். ஒரு வட்டி, ரெண்டு வட்டி. நூறு ரூபாய்க்கு மாதம் ஒரு ரூபாய், இரண்டு ரூபாய். அந்தப் பாஷையில் 8.5 சதவீதம் என்பது ஏறக்குறைய 70 பைசா வட்டி. கீழமாசி வீதிக் கடையில் நான் கணக்கு எழுதிய காலத்தில் 70 பைசா வட்டிக்கு யாராவது பணம் கொடுத்திருந்தால் முதலாளி அவரை வீட்டுக்கு அழைத்து விருந்தே வைத்திருப்பார். உங்கப்பா வீட்டுக்கடன் விசாரித்த 90-களில் வங்கி வட்டியே ஒரு ரூபாய்க்கு மேல் இருந்தது. ஆகவே வட்டி வீதத்தில் உன்னை யாரும் ஏமாற்றவில்லை. ஆனால் அந்தக் கடையில் பணம் கேட்டு வருகிறவரிடம் முதலாளி வட்டி பேசுவதற்கு முன்பே, "எப்போ திருப்புவீங்க?" என்று கேட்பார். உன் காகிதத்தில் அந்தப் பதில், உனக்கு 60 வயது ஆகும்போது என்று இருக்கிறது.

40 லட்சத்துக்கு 8.5 சதவீதம் என்றால் முதல் மாத வட்டி 28,333 ரூபாய். ஒரு நாளைக்கு 944. ஞாயிற்றுக்கிழமைக்கும் உண்டு, அழகர் ஆற்றில் இறங்குகிற அன்றைக்கும் உண்டு. நீ கட்டப்போகும் 30,757-இல் வட்டி போக அசலுக்குப் போவது 2,424 ரூபாய்தான். மாதாமாதம் தவறாமல் ஐந்து வருஷம் கட்டியபின் 18 லட்சத்து 45 ஆயிரம் கொடுத்திருப்பாய், கடன் இன்னும் 38 லட்சத்து 20 ஆயிரம் நிற்கும். அப்போது வேலை மாறி வீட்டை விற்க நேர்ந்தால் "இவ்வளவு கட்டினோமே, எங்கே போச்சு?" என்று இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பீர்கள். 20 வருஷக் கணக்கில் முதல் மாதமே 6,380 ரூபாய் அசலுக்குப் போகும். அப்படிக் கட்டினால்கூடப் பத்து வருஷம் முடிந்த அன்று 28 லட்சம் பாக்கி இருக்கும். பாதி காலம் போனால் பாதிக் கடன் தீரும் என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். அப்படித் தீராது, ஏனென்றால் ஒவ்வொரு மாதமும் நிற்கிற பாக்கிக்குத்தான் வட்டி, பாக்கி பெரிதாக இருப்பதோ ஆரம்ப வருஷங்களில்.

மாப்பிள்ளை சொன்னதாக நீ சொன்னாயே, அந்த 3,956-ஐ மாதாமாதம் மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் வட்டியைவிட அதிகம் வரும் என்று. அவர் படித்தவர், கணக்கில் தப்பு இல்லை. 20 வருஷம் கழித்து 30,000 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது என்பதும் உண்மை. நான் சொன்ன 83 லட்சமும் இன்றைய 83 லட்சம் ஆகாது. ஆனால் சந்தை இறங்குகிற வருஷத்திலும் நிறுத்தாமல், எடுக்காமல், 30 வருஷம் போடுகிற ஆள் வேண்டும். உன் கல்யாணத்துக்கு முன்னால் நீ ஆரம்பித்த ஆர்.டி. என்ன ஆனது என்று நான் கேட்கப்போவதில்லை.

வட்டி ஏறுவதையும் யோசித்துக்கொள். உன் கடன் மிதக்கும் வட்டி, அதாவது நடுவில் ஏறும், இறங்கும். 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் புதிதாகக் கொடுக்கிற மிதக்கும் வட்டி வீட்டுக்கடன் வெளியில் உள்ள ஓர் அளவுகோலோடு கட்டப்பட்டிருக்கிறது, பெரும்பாலும் ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கிற வட்டி. 2020 மே மாதம் அது 4 சதவீதம். 2022 மே மாதம் ஏற ஆரம்பித்து 2023 பிப்ரவரிக்குள் 6.5. 2025-இல் தான் திரும்ப இறங்கியது. 2022 தொடக்கத்தில் 6.7 சதவீதத்துக்கு 40 லட்சம் வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள். 20 வருஷத்துக்குத் தவணை 30,296. ஒரு வருஷத்துக்குள் அவர் வட்டி 9.2 ஆகிவிட்டது. அதற்குள் அசலில் ஒரு லட்சம் குறைந்திருந்தால்கூட மாத வட்டி மட்டும் 29,900. தவணையை ஏற்றாமல் விட்டால் அசலுக்குப் போவது 400 ரூபாய்க்கும் குறைவு. அந்தக் காலத்தில் பலருக்குத் தவணை அப்படியே இருந்தது, வருஷம் மட்டும் சத்தமில்லாமல் நீண்டது. அதன்பிறகு 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு விதி போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று வங்கி உன்னைக் கேட்க வேண்டும். கேட்டு வரும் அந்தச் செய்தியைப் பார்க்காமல் தள்ளிவிடாதே. 30 வருஷக் கடனில் நீட்டுவதற்கும் இடம் இருக்காது.

கைக்காசுக் கணக்கு வேறு. 50 லட்சம் வீட்டுக்கு 40 லட்சம்தான் தருவார்கள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரை உள்ள கடனுக்கு 80 சதவீதம்தான் வரம்பு. மீதி 10 லட்சம் உன்னுடையது. பத்திரச் செலவை வங்கி வீட்டு விலையில் சேர்க்காது. நம் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம், 50 லட்சத்துக்கு நாலரை லட்சம். அப்புறம் வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர், பிராசஸிங் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஈடாக வைப்பதற்கான எம்.ஓ.டி. பதிவு, புரோக்கர் கமிஷன். 15 லட்சத்தைத் தாண்டும். இந்த நாலரை லட்சத்துக்குப் பர்சனல் லோன் போடலாம் என்று மட்டும் யாராவது சொன்னால் அந்த ஆளை வீட்டுக்குள் விடாதே. கையில் அந்தப் பணம் சேராவிட்டால் ஆறு மாதம் பொறு. அந்த வீடு போனால் ஊமச்சிகுளம் பக்கம் வேறு வீடு.

கையெழுத்துப் போடுகிற நேரத்தில் ஒரு இன்சூரன்ஸைத் தள்ளிவிடுவார்கள். பிரீமியம் ஒரே தடவை, அதையும் கடனோடு சேர்த்துவிடலாம், தவணையில் தெரியவே தெரியாது என்பார்கள். ஒரு லட்சம் பிரீமியம் 20 வருஷக் கடனில் சேர்ந்தால் நீ திருப்புவது இரண்டு லட்சத்து எட்டாயிரம். அது கட்டாயம் என்று சொன்னால் எழுதிக் கொடுக்கச் சொல், பேச்சு நின்றுவிடும். அதற்காக இன்சூரன்ஸே வேண்டாம் என்று இருந்துவிடாதே. நீங்கள் இரண்டு பேரும் தனியாக டெர்ம் பாலிசி எடுங்கள், ஆள் போனால் குடும்பத்துக்குப் பணம் வருகிற வெறும் ஆயுள் காப்பீடு அது. உங்கப்பா போனபிறகு நான் பட்டதை நீ பார்த்தவள்.

வரி மிச்சமாகும் என்ற பேச்சும் வந்தது. பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வருஷம் 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம். புதிய முறையில் அது கிடையாது, நீங்கள் இரண்டு பேரும் புதிய முறைக்கு மாறிவிட்டதாகப் போன தீபாவளிக்கு நீயே சொன்னாய்.

இப்போது என் யோசனையைச் சொல்கிறேன், மறுக்காமல் கேள். நான் இங்கே மாடிக்குக் கொடுக்கும் வாடகை 9,000. உங்கப்பாவின் குடும்ப ஓய்வூதியத்திலிருந்து கொடுக்கிறேன், அது எனக்குப் பழகிப்போன செலவு. கடச்சனேந்தலுக்குப் போனால் அந்தப் பணம் என் கையில் நிற்கும். அதை மாதாமாதம் உன் கடன் கணக்கில் போடுகிறேன். மகள் வீட்டில் இருக்க அம்மா வாடகை கொடுப்பதா என்று முறைக்காதே. நீ கட்டத் தயாராக இருக்கிற 30,757-ஓடு என் 9,000 சேர்ந்தால் 39,757. இந்தக் கடனை 15 வருஷத்தில் முடிக்க வேண்டிய தவணை எவ்வளவு தெரியுமா? 39,390. மொத்தம் 70 லட்சத்து 90 ஆயிரத்தில் கதை முடிந்துவிடும், உன் காகிதத்தில் இருப்பதைவிட ஏறக்குறைய 40 லட்சம் குறைவு. உனக்கு வயது 45 ஆகியிருக்கும், பையன் காலேஜ் போகிற சமயம்.

ஆனால் 15 வருஷம் என்று எழுதி வாங்காதே. 20 என்று எழுது. கட்டாயத் தவணை 34,713 மட்டும் இருக்கட்டும், மேலே உள்ள 5,000 சொச்சத்தை முன்கூட்டிய அசலாகக் கட்டு. இரண்டு சம்பளத்தில் ஒன்று நின்றாலும், எனக்கு ஆஸ்பத்திரிச் செலவு வந்தாலும் அந்தக் கூடுதலை நிறுத்திவிடலாம், வங்கி ஒன்றும் கேட்காது. தனிநபர் எடுத்த மிதக்கும் வட்டி வீட்டுக்கடனை முன்னாலேயே அடைத்தால் வங்கி அபராதம் போடக்கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. ஒவ்வொரு தடவையும், தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கேள்.

போனஸ் வந்தால் ஆரம்ப வருஷங்களிலேயே போடு. 20 வருஷக் கடனில் முதல் வருஷக் கடைசியில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் 13 தவணைக்கு மேல் காணாமல் போகும். அதே ஒரு லட்சத்தை 15 வருஷம் கழித்துக் கட்டினால் குறைவது 4 தவணை சொச்சம். காரும் கோவா டிரிப்பும் பத்து வருஷம் கழித்தும் கிடைக்கும்.

அந்த வங்கி ஆளிடம் 20 வருஷத்துக்கு முக்கிய விவரச் சீட்டு கேள். 2024 அக்டோபரிலிருந்து அதைக் கொடுத்தே ஆக வேண்டும். எல்லாக் கட்டணமும் சேர்ந்த உண்மையான வருஷ வட்டி வீதமும், மாதாமாதம் அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்ற பட்டியலும் அதில் இருக்கும். அதை எனக்கும் அனுப்பு, என் கணக்கோடு ஒத்துப் பார்க்கிறேன்.

மாமா வில்லங்கம் போட்டுப் பார்க்கிறேன் என்றிருக்கிறார். தாய்ப்பத்திரத்தின் நகலும் பட்டாவும் விற்கிறவரிடம் கேட்டிருக்கிறோம். புதன்கிழமைக்குள் தருவதாகச் சொன்னார். அவை வந்து நான் சொல்லும்வரை அட்வான்ஸ் என்று ஒரு ரூபாய் அனுப்பாதே.

பையனுக்கு வத்தலும் பருப்புப் பொடியும் கூரியரில் போட்டிருக்கிறேன். வந்ததும் சொல்லு.

அன்புடன்,
அம்மா