ஃபலூஜாவின் பெண் வீரர்களைப் பற்றியும் எழுதுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

'ஸ்பெஷல் ஆப்ஸ்: லயனஸ்' என்ற அமெரிக்கத் தொடரைப் பற்றித் தங்கள் நாளிதழில் வந்த விமர்சனத்தைப் படித்தேன். 2023இல் வந்த முதல் சீசனை நானும் முழுதாகப் பார்த்திருக்கிறேன். இரண்டு மகள்களை வீட்டில் விட்டுவிட்டு ஓடும் அதிகாரியாக ஜோயி சல்டானா பிரமாதமாக நடித்திருக்கிறார் என்பதில் மறுபேச்சே இல்லை. ஆனால் அமெரிக்கப் படையின் உண்மைத் திட்டத்தைத் தழுவியது என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு விமர்சகர் அடுத்த விஷயத்துக்குப் போய்விட்டார். எனக்கு அதில்தான் மனக்குறை.

நான் காவல்துறையில் இருந்து ஓய்வு பெற்றவள். கூட்டம் நடக்கும் இடங்களில் துணி மறைப்புக்குள் நின்று பெண்களைச் சோதனை போடுவதைப் பல ஆண்டுகள் செய்திருக்கிறேன். கொண்டை, இடுப்பு, கைக்குழந்தையைச் சுற்றிய துணி என எதையும் விட முடியாது. வந்தவள் கூசிப்போகவும் கூடாது. ஒருத்தியிடம் ஏதாவது இருந்தால், முதலில் சாவது எதிரில் நிற்கும் நாம்தான்.

ஈராக் போரின்போது அங்கே 'லயனஸ்' (பெண் சிங்கம்) என்று அழைக்கப்பட்ட அமெரிக்கப் பெண் வீரர்களும் இதே வேலையைத்தான் செய்தார்கள். அந்நிய ஆண்கள் அந்த ஊர்ப் பெண்களைத் தொட்டுச் சோதித்தால் ஊரே பகையாகிவிடும். அதனால் வீடுகளுக்குள் நுழையும் ஆண் படையோடு இவர்களையும் அனுப்பினார்கள். மெக்கானிக், எழுத்தர் போன்ற வேலைகளுக்காகப் படையில் சேர்ந்தவர்களும் இவர்களில் உண்டு. 2004 ஏப்ரலில் ரமாதி நகரில் சண்டை மூண்டபோது அவர்களும் தெருவில் நின்று சுட்டார்கள். நேரடித் தரைப்போர்ப் பிரிவுகளில் பெண்களை நியமிக்கக் கூடாது என்று 1994இல் போட்ட விதி அப்போது அமலில் இருந்தது. அதனால் அவர்களை நியமிக்கவில்லை, தற்காலிகமாகச் சேர்த்து அனுப்பினார்கள். சண்டையின் நடுவே நின்றவர்களை, சண்டைக்குப் போகாதவர்கள் என்று விதி சொன்னது. அந்தத் தடையை 2013இல்தான் எடுத்தார்கள்.

ஈராக்கின் இன்னொரு நகரமான ஃபலூஜாவில் நடந்தது இன்னும் கொடுமை. சோதனைச் சாவடிகளில் பெண்களைச் சோதிக்கும் பெண் வீரர்களைத் தினமும் முகாமிலிருந்து வண்டியில் கொண்டுபோய், மாலையில் திரும்ப அழைத்து வருவார்கள். 2005 ஜூன் 23 அன்று அப்படித் திரும்பி வரும்போது, வெடிகுண்டு நிரப்பிய கார் ஒன்று அவர்கள் வந்த வண்டியில் மோதியது. இறந்தவர்களில் மூன்று பேர் பெண்கள். தீக்காயத்தோடு பிழைத்தவர்களிலும் பெண்கள் அதிகம். இதைப் படித்த அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

தொடரில் வரும் குரூஸ் என்ற பெண் சிப்பாய், பயங்கரவாதத்துக்குப் பணம் கொடுக்கும் ஒருவரின் மகளோடு சி.ஐ.ஏ.வுக்காகத் தோழியாகப் பழகுகிறாள். விருந்து, கடற்கரை, மாளிகை என்று கதை போகிறது. நாடகத்துக்கு அதெல்லாம் வேண்டும், சரி. நட்பே துரோகமாக மாறும் இடங்களில் நானும் கலங்கித்தான் பார்த்தேன். ஆனால் பெயரைத் தந்த பெண்களுக்கு அந்த மாளிகையில் இடமில்லை. புழுதியில், கவச உடையின் கனத்தோடு, பயந்து நிற்கும் ஒரு தாயின் உடையைத் தொட்டுப் பார்க்கும் பெண் சிப்பாயை யாரும் கதாநாயகி ஆக்கவில்லை. அதைச் சொல்வதற்கு விமர்சகருக்கு இரண்டு பத்தி போதும்.

இவர்களைப் பற்றி 2008இல் 'லயனஸ்' என்ற பெயரிலேயே ஓர் ஆவணப்படம் வந்திருக்கிறது. ரமாதியில் இருந்த பெண்களே அதில் பேசுகிறார்கள். தொடரின் அடுத்த சீசனைப் பற்றி எழுதும்போது, அந்தப் படத்தையும் பார்த்துவிட்டு எழுதும்படி தங்கள் விமர்சகரைக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற பெண் தலைமைக் காவலர்