பால் பாக்கெட் ஏழு மணிக்கு மேல் தொங்கினால்

மட்சுதோ, ஜப்பான்

அன்புள்ள அக்காவுக்கு,

தனியாக இருக்கும் பெரியம்மாவின் வீட்டுக் கரண்ட் பில், கேஸ் எல்லாவற்றையும் இங்கிருந்தே ஆன்லைனில் கட்டச் சொல்லியிருந்தாய். கட்டுகிறேன். ஆனால் அதற்கு முன் நீ செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது.

இந்த ஊரில் தொக்கிவாதைரா என்று பெரிய அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்று உண்டு. 2000 வாக்கில் அங்கே தனியாக இருந்த ஒருவர், இறந்து மூன்று வருடம் கழித்து எலும்புக்கூடாகக் கிடைத்தார். வாடகையும் கரண்டும் பேங்க் கணக்கிலிருந்து தானாகவே போய்க்கொண்டிருந்தன. பணம் தீர்ந்த பிறகுதான் கதவைத் தட்ட ஆள் வந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் குடும்பங்கள் இருந்தன. அடுத்த வீட்டைத் தொந்தரவு செய்யாமல் இருப்பதுதான் இங்கே மரியாதை. இப்படிப்பட்ட சாவுக்கு 'கொதோகுஷி' என்று பெயரே வைத்துவிட்டார்கள். 2024-ல் மட்டும் தனியாக வசித்து வீட்டிலேயே இறந்தவர்கள் 76,020 பேர் என்கிறது போலீஸ் கணக்கு. அதில் முக்கால்வாசிப் பேர் 65 வயது தாண்டியவர்கள்.

இங்கே வெந்நீர்க் கெட்டில்கூட வேவு பார்க்கிறது. பெரியவர் எப்போது வெந்நீர் எடுத்தார் என்று பிள்ளைக்கு மெயில் போகும். ஆனால் தூரத்தில் இருக்கும் பிள்ளையால் கதவைத் திறக்க முடியாதே! பக்கத்தில் ஆள் வேண்டும்.

ரீடிங் எடுப்பவர் இரண்டு மாதத்துக்கு ஒருமுறைதான் வருவார். பால்தான் தினமும் வருவது. அதனால் பால் போடும் தம்பியிடம் சொல்லி வை: திரும்பிப் போகும்போது ஒரு பார்வை பார்க்கட்டும். ஏழு மணிக்கு மேலும் பாக்கெட் பையிலேயே தொங்கினால் தட்டிப் பார்த்துவிட்டு, எதிர்வீட்டில் சொல்லட்டும். பெரியம்மா ஊருக்குப் போனால் முதல் நாளே பாலை நிறுத்திவிட வேண்டும். இரண்டு தடவை வீணாக ஓடிவந்தவர்கள் மூன்றாம் தடவை வர மாட்டார்கள்.

மாற்றுச் சாவி எதிர்வீட்டில் இருக்கட்டும். ஆனால் உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்தால் அந்தச் சாவியால் பிரயோசனமே இல்லை. வெளியிலிருந்தும் சாவி போட்டுத் திறக்கிற பூட்டாக ஒன்று வாசல் கதவில் பொருத்து. ராத்திரி அதை மட்டும் பூட்டினால் போதும். பூட்டிய பிறகு சாவியை உள்பக்கத் துவாரத்திலேயே விட்டுவிடக் கூடாது; வெளியிலிருந்து மாற்றுச் சாவி நுழையாமல் போகலாம். பாத்ரூம் கதவைச் சும்மா சாத்தினால் போதும். அங்கே வழுக்கி விழும் ஆபத்து உண்டு.

தாழ்ப்பாள் போடாமல் பெரியம்மாவுக்குத் தூக்கம் வராது, தெரியும். முதல் நாலு நாள் நீ கூடப் படுத்துக்கொள்.

அன்புடன்,
உன் தம்பி